மேடை நடிகையின் வாழ்க்கையை எழுதுவது எப்படி: மார்கரிடா ஷிர்குவை முன்வைத்து ஒரு வழிகாட்டி

திரைப்பட நடிகை ஒருவரைப் பற்றி எழுத முனைபவருக்கு அவருடைய படங்கள் கையில் இருக்கும். மேடை நடிகையைப் பற்றி எழுதுபவருக்கோ, அவர் நடித்த இரவுகளில் ஒன்றுகூடத் திரும்பக் கிடைப்பதில்லை. மிஞ்சுபவை நாடக அறிவிப்புத் தாள்கள், மறுநாள் நாளேடுகளில் வந்த விமர்சனங்கள், ஒளிப்பட நிலையத்தில் எடுத்த சில படங்கள், கடிதங்கள், சில வேளைகளில் ஒரு நீதிமன்றத் தீர்ப்பு ஆகியவையே. இவற்றை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு கலைவாழ்வை நேர்மையாகவும் உயிரோட்டத்துடனும் எழுதிவிட முடியும் என்று நான் நம்புகிறேன். அதற்கான வழிமுறைகளை, ஸ்பெயினின் வடகிழக்குப் பகுதியான காத்தலோனியாவின் மேடை நடிகை மார்கரிடா ஷிர்குவின் வாழ்க்கையைக் கொண்டே இங்கு விளக்குகிறேன்.

1888 ஜூன் 18 அன்று பார்சிலோனாவை அடுத்த மொலின்ஸ் தெ ரெய் என்னும் ஊரில் பிறந்து, 1969 ஏப்ரல் 25 அன்று உருகுவே நாட்டின் தலைநகரான மொண்டேவிடேயோவில் மறைந்தவர் அவர். காத்தலான் மொழி மேடையில் தொடங்கி, ஸ்பானிய மேடையின் முதன்மை நடிகையாக உயர்ந்து, உள்நாட்டுப் போருக்குப் பின் தாய்நாட்டுக்குத் திரும்ப இயலாதவராகி, தென் அமெரிக்காவில் ஒரு தலைமுறை நடிகர்களுக்கு ஆசிரியராக இருந்தவர். இத்தனை திருப்பங்கள் உள்ள வாழ்க்கை என்பதால், எழுதுபவர் வழி தவறுவதற்கான இடங்களும் இதில் நிறைய உண்டு.

லோர்காவிலிருந்து தொடங்காதீர்கள்

தமிழில் சிறுபத்திரிகை படித்தவர்களுக்கு ஸ்பானியக் கவிஞரும் நாடக ஆசிரியருமான ஃபெதெரிகோ கார்சியா லோர்கா பழகிய பெயர். ஷிர்குவின் பெயர் நம்மில் பலரை எட்டியதும் 'லோர்காவின் நாடகங்களில் நடித்தவர்' என்ற ஒரு வரியின் வழியாகத்தான். அந்த வரியை முதல் பத்தியில் வைத்தால், அதன் பின் எழுதும் எல்லாமே ஒரு கவிஞரின் வாழ்க்கைக்கு அடிக்குறிப்பாகச் சுருங்கிவிடும். ஆகவே முதலில் ஆண்டுகளை எண்ணிப் பாருங்கள். லோர்காவின் 'மரியானா பினேடா' 1927 ஜூன் 24 அன்று பார்சிலோனாவின் கோயா அரங்கில் முதன்முதலாக மேடையேறியபோது ஷிர்குவுக்கு 39 வயது. அவர் தொழில்முறை மேடைக்கு வந்து இருபது ஆண்டுகள் கடந்திருந்தன. லோர்காவுக்கோ 29 வயது. 1920இல் மாட்ரிட்டின் எஸ்லாவா அரங்கில் மேடையேறிய அவருடைய முதல் நாடகம் தோல்வி கண்டிருந்தது. அன்றைய நிலையில் நாடக ஆசிரியராக அவரை நம்பிப் பணமும் பெயரும் பணயம் வைத்தவர் நடிகைதான். அதுவும், 1831இல் சுதந்திரவாதிகளுக்காகக் கொடி தைக்கச் செய்ததற்காகக் கிரனாடாவில் மரண தண்டனை பெற்ற ஒரு பெண்ணைப் பற்றிய நாடகத்தை, ப்ரிமோ தெ ரிவேராவின் சர்வாதிகார ஆட்சி நடந்துகொண்டிருந்த வேளையில் அவர் எடுத்துக்கொண்டார். அந்த மேடைக்கான காட்சி அமைப்பை வரைந்தவர் 23 வயது ஓவியர் சால்வதோர் தாலி. அந்த இரவை நடிகையின் துணிவின் வழியாகச் சொல்லுங்கள். கவிஞரும் ஓவியரும் தமக்குரிய இடத்தில் தாமாகவே வந்து அமர்ந்துகொள்வார்கள்.

முதல் வேலை: அட்டவணை

ஒரு வரிகூட எழுதுவதற்கு முன் ஓர் அட்டவணையைத் தயாரியுங்கள். ஆண்டு, ஊர், அரங்கம், நாடகம், ஆசிரியர், ஏற்ற வேடம், உடன் நடித்தவர், மொழி என்று எட்டு பத்திகள் போதும். ஒவ்வொரு தகவலுக்கும் எதிரே அது எங்கிருந்து கிடைத்தது என்பதை உங்களுக்காகக் குறித்துக்கொள்ளுங்கள். நினைவுக் குறிப்புகளிலும் பிற்காலப் பேட்டிகளிலும் வரும் தேதிகளைவிட அன்றைய நாளேட்டின் அரங்க விளம்பரம் நம்பத்தக்கது. தேதி முரண்படும் இடத்தில் மாதத்தோடு நிறுத்திக்கொள்வதில் தவறில்லை.

மொழிக்கென்று தனிப் பத்தி ஏன் என்று கேட்கலாம். ஷிர்குவின் வாழ்க்கையில் அது ஒரு பெரிய எல்லைக்கோட்டைக் காட்டுகிறது. 1906 முதல் பார்சிலோனாவில் அவர் பேசிய வசனம் காத்தலான். 1913இல் தென் அமெரிக்கப் பயணத்துடனும் 1914இல் மாட்ரிட்டின் ப்ரின்செசா அரங்கில் கால் வைத்ததுடனும் அவருடைய மேடைமொழி பெரும்பாலும் ஸ்பானியமாக மாறுகிறது. சொந்த ஊர்க்காரர்களுக்கு அது இழப்பு; கலைஞருக்கு அது விரிவு. இரண்டில் ஒன்றை மட்டும் சொன்னால் கட்டுரை ஒருபக்கம் சாய்ந்துவிடும். தேடும்போதும் இதை மறக்கக் கூடாது. காத்தலான் ஏடுகள் அவர் பெயரை மார்கரிடா என்றும் ஸ்பானிய ஏடுகள் மார்கரிட்டா என்றும் அச்சிட்டிருக்கின்றன. இரண்டு எழுத்துக்கூட்டலிலும் தேடாதவர் பாதி வாழ்க்கையைத் தவறவிடுவார்.

தேட வேண்டிய இடங்களும் எட்டாதவை அல்ல. பார்சிலோனாவின் நாடகக் கல்லூரியான இன்ஸ்டிடியூட் தெல் தியாட்ரே, நிகழ்கலைகளுக்கான அருங்காட்சியகத்தையும் ஆவணக் காப்பகத்தையும் நடத்துகிறது. அதில் ஒரு பகுதி இணையத்திலேயே கிடைக்கிறது. ஸ்பெயின் தேசிய நூலகத்தின் மின் நாளேட்டுத் தொகுப்பும், பார்சிலோனாவின் 'லா வான்குவார்தியா' நாளேட்டின் பழைய இதழ்களும் வீட்டிலிருந்தே பார்க்கக்கூடியவை. மொழி தெரியாதவர்கள் கணினி மொழிபெயர்ப்பைத் துணைக்கு வைத்துக்கொள்ளலாம். ஆனால் நாடகத் தலைப்புகளையும் நடிகர் பெயர்களையும் கணினி பொதுச் சொற்களாக எண்ணி மொழிபெயர்த்துவிடும் என்பதால், மூல வரியை அருகில் வைத்து ஒப்பிடுவது கட்டாயம்.

பிறந்த வீட்டை எழுதும்போது

'ஏழைக் குடும்பத்தில் பிறந்தார்' என்ற ஒரே தொடரில் இளமையைக் கடந்துவிடுவது பலருக்கும் வழக்கம். அந்தத் தொடர் யாருக்கும் பொருந்தும் என்பதாலேயே யாரைப் பற்றியும் எதையும் சொல்வதில்லை. என்ன வேலை, எந்தத் தெரு, யாருடைய கூலி, மாலை நேரத்தில் எங்கே போனார்கள் என்று கேளுங்கள். ஷிர்குவின் தந்தை பூட்டும் இரும்புச் சாமான்களும் செய்யும் தொழிலாளி. குடும்பம் பிழைப்புக்காக இடம் பெயர்ந்து பார்சிலோனாவில் குடியேறியது. ஆடைகளுக்கும் திரைச்சீலைகளுக்கும் வேண்டிய பின்னல் ஓரங்களும் குஞ்சங்களும் செய்யும் பட்டறையில் சிறுமி வேலைக்குச் சேர்ந்தார். நெசவாலைகளின் நகரமாக இருந்த அன்றைய பார்சிலோனாவில் இது ஆயிரக்கணக்கான தொழிலாளர் வீட்டுப் பெண்களின் வாழ்க்கை.

அப்படியானால் அவர்களில் ஒருத்தி மேடைக்கு எப்படி வந்தாள் என்ற கேள்விக்கு விடை 'அத்தெனேயு' எனப்பட்ட மன்றங்களில் இருக்கிறது. தொழிலாளர்களும் கைவினைஞர்களும் சேர்ந்து நடத்திய இந்த மன்றங்களில் நூலகமும், மாலை வகுப்பும், பாடற்குழுவும், சிறு மேடையும் இருந்தன. ஞாயிற்றுக்கிழமைகளில் அக்கம்பக்கத்தார் முன் நாடகம் நடக்கும். நடிப்புக் கல்லூரிக்குப் போக வசதியில்லாத ஒரு பெண்ணுக்கு இதுவே கல்லூரியாக அமைந்தது. ஒரு நடிகையின் மேதைமையை மட்டும் பேசி, அவளுக்கு மேடை கொடுத்த இந்த அமைப்பைப் பற்றிப் பேசாமல் விடுவது வரலாற்றுக்கு இழைக்கும் அநீதி என்றே நான் கருதுகிறேன். இந்தப் பகுதிக்குத் தாராளமாக இடம் ஒதுக்குங்கள்.

1906இல் பார்சிலோனாவின் க்ராசியா பகுதியிலுள்ள ஒரு மன்ற மேடையில் எமில் சோலாவின் 'தெரேஸ் ரக்கேன்' நாடகத்தில் தலைமை வேடம் ஏற்ற அவர், அதே ஆண்டு இறுதியில் பார்சிலோனாவின் ரொமேயா அரங்கில் தொழில்முறை நடிகையாகச் சேர்ந்தார். காத்தலான் நாடகத்தின் தாய்வீடு என்று சொல்லத்தக்க அரங்கம் அது. அங்கே அவர் ஏற்ற பிளாங்கா, காத்தலான் நாடக ஆசிரியர் அங்ஹெல் கிமெராவின் 'மார் இ செல்' நாடகத்தில், கப்பற்கொள்ளையரிடம் சிறைப்பட்டு அவர்கள் தலைவனான சயீதின் மேல் காதல் கொள்ளும் கிறித்தவப் பெண். அந்த நாடகம் முதலில் அரங்கேறியதும் 1888இல், இதே ரொமேயாவில்தான். தான் பிறந்த ஆண்டிலேயே பிறந்த நாடகத்தில் அவர் அறிமுகமானார் என்பது அட்டவணையைப் பார்க்கும்போது தானாகத் தெரியவரும். அடுத்த சில ஆண்டுகளில், கிமெராவே தம் நாடகத்தின் முதல் அரங்கேற்றத்தை அவரிடம் ஒப்படைக்கும் அளவுக்கு நிலை மாறியது. 1911இல் வந்த 'லா ரெய்னா ஜோவா', அதாவது 'இளைய அரசி', அப்படிப்பட்டது.

பார்த்திராத நடிப்பை வருணிப்பது

இந்த வேலையின் கடினமான பகுதி இதுதான். 'அற்புதமாக நடித்தார்', 'கதாபாத்திரமாகவே வாழ்ந்தார்' போன்ற தொடர்கள் நமக்கு எளிதில் வந்துவிடும். பார்க்காத நடிப்பைப் பற்றி அப்படி எழுத நமக்கு உரிமையில்லை. மாறாக, அந்த நடிப்பு மற்றவர்களிடம் என்ன விளைவை உண்டாக்கியது என்பதை எழுதலாம். அதற்கு ஆவணம் உண்டு.

1910இல் அவர் பார்சிலோனாவின் ப்ரின்சிபால் அரங்கில் ஆஸ்கர் வைல்டின் 'சலோமே'யை ஏற்றார். வயது 21. அதற்கு முந்தைய ஆண்டு ஜூலையில்தான் பார்சிலோனாவில் கிளர்ச்சி வெடித்துத் தேவாலயங்கள் எரிந்திருந்தன. நகரம் இரண்டுபட்டுக் கிடந்தது. விவிலியக் கதையில் வரும் இளவரசி, திரைகளைக் களைந்து ஆடி, புனிதர் ஒருவரின் தலையைக் கேட்கும் நாடகத்தை ஒரு தொழிலாளர் வீட்டுப் பெண் நடித்தபோது எழுந்த கண்டனம், அந்த நடிப்பு எவ்வளவு தூரம் போய்த் தாக்கியது என்பதற்கான அளவுகோல். கண்டித்தவர்களின் சொற்களைக் கவனமாகப் படியுங்கள். ஒரு நடிகையின் உடலசைவைப் பற்றியும் ஆடையைப் பற்றியும் அவர்கள் எரிச்சலோடு தந்திருக்கும் விவரங்களைப் பாராட்டியவர்கள்கூடத் தந்திருக்க மாட்டார்கள்.

இன்னொரு சான்று என்னை எப்போதும் ஈர்ப்பது. பெனித்தோ பெரெஸ் கால்தோஸ் ஸ்பெயினின் மாபெரும் நாவலாசிரியர். முதுமையில் பார்வையை இழந்தவர். அவருடைய 'மரியனேலா' 1878இல் வெளிவந்த நாவல். பார்வையற்ற செல்வர் வீட்டு இளைஞனுக்கு வழிகாட்டியாக இருக்கும், அழகற்றவள் என்று ஊரார் சொல்லும் ஏழைச் சிறுமியின் கதை அது. இளைஞனுக்குப் பார்வை கிடைக்கும்போது அவள் அவன் கண்ணில் படவே அஞ்சுகிறாள், இறுதியில் இறந்துபோகிறாள். கின்டெரோ சகோதரர்கள் இதை நாடகமாக்க, 1916இல் மாட்ரிட்டின் ப்ரின்செசா அரங்கில் ஷிர்கு அந்தச் சிறுமியாக நடித்தார். பார்வை இழந்த ஆசிரியர், பார்வையற்றவனுக்கு வழிகாட்டும் தம் கதைமகளை ஒரு நடிகையின் குரலில் மட்டுமே அறிய முடிந்தது. அதன் பின் 1918இல் தம் கடைசி நாடகமான 'காஸ்தியாவின் புனித ஹுவானா'வை அவர் இதே நடிகையின் மூலம் மேடையேற்றினார். அடுத்த ஈராண்டுக்குள் மறைந்தார். ஷிர்குவின் குரலைப் பற்றி நான் ஒரு பத்தி எழுத வேண்டுமானால், அடைமொழி ஒன்றைக்கூடப் பயன்படுத்தாமல் இந்தச் செய்தியையே வைப்பேன்.

ஒளிப்படங்களைக் கையாள்வதில் ஓர் எச்சரிக்கை தேவை. 1910களின் படங்களில் பெரும்பாலானவை படநிலையத்தில், அசையாமல் நிற்கச் சொல்லி எடுத்தவை. வேட உடையையும் ஒப்பனையையும் அவற்றிலிருந்து அறியலாம். மேடையில் அவர் அப்படித்தான் நின்றார் என்று முடிவு செய்யக் கூடாது. திரைப்படங்களும் அப்படியே. 1915, 1916 ஆண்டுகளில் மாஜி முரியாவின் இயக்கத்தில் பார்சிலோனாவில் சில மௌனப் படங்களில் அவர் நடித்தார்; 'இளைய அரசி'யும் 1916இல் படமாயிற்று. பேசும் படமாகக் கிடைப்பது 1938இல் அர்ஜென்டினாவில் எட்முண்டோ கிபூர் இயக்கிய, லோர்காவின் 'இரத்தத் திருமணம்'. அதில் தாய் வேடத்தில் வரும் ஷிர்குவுக்கு 50 வயது. லோர்கா இறந்து இரண்டே ஆண்டுகள் ஆகியிருந்தன. அதைக் கட்டாயம் பாருங்கள். வசனத்தை அவர் எங்கே நிறுத்துகிறார், எங்கே குரலைத் தாழ்த்துகிறார் என்று குறித்துக்கொள்ளுங்கள். ஆனால் ஒலிவாங்கிக்கு முன் பேசியதை வைத்து, ஒலிபெருக்கி இல்லாத அரங்கில் 1910இல் எப்படிப் பேசினார் என்று ஊகிக்காதீர்கள்.

நாடகத்தைத் தேர்ந்தெடுத்தவர் யார் என்று கேளுங்கள்

நடிகை என்றால் கொடுத்த வேடத்தை ஏற்பவர் என்ற எண்ணம் நம்மிடம் ஊறியிருக்கிறது. ஷிர்கு தம் பெயரிலேயே குழு நடத்தியவர். நாடகத்தைத் தேர்ந்தெடுப்பது, நடிகர்களுக்குச் சம்பளம் கொடுப்பது, வெளியூர்ப் பயணம் ஏற்பாடு செய்வது, நட்டத்தைத் தாங்குவது எல்லாம் குழுத் தலைவியின் பொறுப்பு. இதை உணர்ந்தால் அட்டவணையின் நாடகப் பத்தி புதிய பொருளுடன் தெரியும். ஹசிந்தோ பெனாவெந்தேயும் கின்டெரோ சகோதரர்களும் எழுதிய, மக்கள் கூட்டத்தை உறுதியாக ஈர்த்த நாடகங்கள் ஒரு பக்கம். வேறு யாரும் தொடத் தயங்கிய படைப்புகள் மறுபக்கம். முன்னதில் வந்த வருவாய் பின்னதைத் தாங்கியது. பெர்னார்ட் ஷாவின் 'செயின்ட் ஜோன்' உலக அரங்கில் 1923 இறுதியில்தான் முதலில் மேடையேறியது. 1925இலேயே ஷிர்கு அதைப் பார்சிலோனாவில் நடித்தார். ஸ்பானிய எழுத்தாளர் வாய்யே-இன்க்ளான் எழுதிய 'தெய்வீக வார்த்தைகள்' 1920இல் நூலாக வெளிவந்தும் மேடை காணாமல் இருந்தது. 1933இல் அதை முதன்முதலாக மேடையேற்றியதும் அவர் குழுவே.

1930 முதல் 1935 வரை மாட்ரிட் நகராட்சிக்குச் சொந்தமான எஸ்பான்யோல் அரங்கம் அவர் குழுவிடம் இருந்தது. இயக்குநர் சிப்ரியானோ ரிவாஸ் செரிஃப் அந்த ஆண்டுகளில் அவருக்கு வலக்கரமாக இருந்தார். இந்த ஐந்தாண்டுகளையே உங்கள் கட்டுரையின் நடுப்பகுதியாகக் கொள்ளலாம். 1930 டிசம்பர் 24 அன்று லோர்காவின் 'செருப்புத் தைப்பவரின் அற்புத மனைவி', 1932இல் ஸ்பானிய எழுத்தாளர் உனாமுனோவின் 'மற்றவன்', 1934 டிசம்பர் 29 அன்று லோர்காவின் 'யெர்மா' என்று ஒவ்வொன்றும் தனிக் கதை.

1933 ஜூன் 18 பற்றி மட்டும் சற்று நின்று எழுதுங்கள். தென்மேற்கு ஸ்பெயினின் மெரிடா நகரில் ரோமானியர் கிறித்துவுக்கு முன் முதல் நூற்றாண்டில் கட்டிய அரங்கம் மண்ணுக்குள் புதைந்து கிடந்தது. 1910இல் தொடங்கிய அகழாய்வில்தான் அது வெளிப்பட்டது. அந்தக் கல்மேடையில், ரோமானிய நாடக ஆசிரியர் செனெக்காவின் 'மெதேயா'வை உனாமுனோவின் ஸ்பானிய மொழிபெயர்ப்பில் ஷிர்கு நடித்தார். மெதேயாவின் கணவன் ஹாசோனாக உடன் நடித்தவர் காத்தலான் மேடையின் மூத்த நடிகர் என்ரிக் பொர்ராஸ். இன்றும் கோடைதோறும் அங்கு நடக்கும் தொல்நாடக விழா தன் தொடக்கத்தை அந்த நிகழ்விலேயே காண்கிறது. அன்று அவருடைய 45ஆவது பிறந்தநாள் என்பதையும் அட்டவணை உங்களுக்குச் சொல்லிவிடும்.

அரசியலை எப்படிக் கையாள்வது

விமர்சனத்தைப் படிக்கும் முன், எழுதிய ஏடு யாருடையது என்று தெரிந்துகொள்ளுங்கள். 1930களின் மாட்ரிட்டில் 'ஏபிசி' முடியாட்சிச் சார்புடையது, 'எல் தெபாத்தே' கத்தோலிக்கத் திருச்சபைச் சார்புடையது, 'எல் சோல்' தாராளவாதப் பார்வை கொண்டது, 'எரால்தோ தெ மாட்ரிட்' குடியரசுச் சார்புடையது. ஒரே இரவைப் பற்றி இவை நான்கும் எழுதியதை அருகருகே வைத்தால், எது நடிப்பைப் பற்றிய கருத்து, எது கட்சிக் கோபம் என்பது பிரிந்துவிடும். 

1931 ஜூனில், ஸ்பெயினில் முடியாட்சி நீங்கிக் குடியரசு அமைந்து இரண்டு மாதங்கள்கூட ஆகாத நிலையில், முந்தைய டிசம்பரில் முடியாட்சிக்கு எதிராகக் கிளர்ந்து சுட்டுக் கொல்லப்பட்ட படைத்தலைவரைப் பற்றிய ரஃபாயேல் அல்பெர்த்தியின் 'ஃபெர்மின் கலான்' நாடகத்தை அவர் மேடையேற்றினார். கன்னி மரியாள் துப்பாக்கி ஏந்தி வரும் காட்சியில் அரங்கமே கொந்தளித்தது. அதே ஆண்டு டிசம்பரில், அப்போது தலைமை அமைச்சராக இருந்த மனுவேல் அசான்யா எழுதிய நாடகத்தையும் பார்சிலோனாவில் நடித்தார். ரிவாஸ் செரிஃப் அசான்யாவின் மைத்துனர் என்பதை இங்கே கட்டாயம் சொல்ல வேண்டும். 'யெர்மா'வின் முதல் இரவில் வலதுசாரி இளைஞர்கள் அரங்கில் எழுப்பிய கூச்சலும், பின்னாளில் வந்த தண்டனையும் ஏன் என்பது இந்தத் தொடர்புகளைச் சொல்லாமல் விளங்காது. அவர் எந்தக் கட்சியின் தலைவரும் அல்லர். ஆனால் யாருடைய நாடகத்தை எந்த நேரத்தில் மேடையேற்றினார் என்பதில் அவருடைய நிலைப்பாடு தெளிவாகவே இருந்தது. கட்டுரை எழுதுபவர் அதற்கு மேல் ஒரு முத்திரையும் குத்த வேண்டியதில்லை.

1935 டிசம்பரில் பார்சிலோனாவில் லோர்காவின் 'ரொசீட்டா' முதன்முதலாக மேடையேறியது. ஒரு சிறப்புக் காட்சி ராம்ப்லா தெருப் பூக்காரப் பெண்களுக்கென்றே காணிக்கையாக்கப்பட்டது. 1936 ஜனவரி இறுதியில் ஷிர்குவின் குழு சாந்தாந்தேர் துறைமுகத்திலிருந்து கியூபாவுக்குக் கப்பலேறியது. அடுத்து மெக்சிகோ. லோர்கா பின்னால் வந்து சேர்வதாக ஏற்பாடு. ஜூலையில் உள்நாட்டுப் போர் மூண்டது. ஆகஸ்டில் கிரனாடாவுக்கு அருகில் லோர்கா சுட்டுக் கொல்லப்பட்டார். இந்த இடத்தில் எழுதுபவரின் கை தானாக உணர்ச்சிச் சொற்களைத் தேடும். தேதிகளை வரிசையாக வைத்தாலே போதும். 1941இல், போரில் வென்ற ஃபிராங்கோ ஆட்சியின் அரசியல் பொறுப்பு நீதிமன்றம் ஷிர்குவின் சொத்துகளைப் பறிமுதல் செய்து, நாட்டுக்குள் நுழைய நிரந்தரத் தடை விதித்தது. ரிவாஸ் செரிஃபோ 1940இல் பிரான்சில் ஜெர்மானியரிடம் பிடிபட்டு, ஃபிராங்கோவிடம் ஒப்படைக்கப்பட்டு, மரண தண்டனை பெற்று, அது குறைக்கப்பட்டபின் சிறைக்குள்ளேயே கைதிகளைக் கொண்டு நாடகம் போட்டார். ஒரு நாடகக் குழுவின் வரலாறு அதன் தலைவியோடு முடிவதில்லை என்பதால் உடன் இருந்தவர்களுக்கு என்ன ஆயிற்று என்பதையும் தேடி எழுதுங்கள்.

நாடு கடந்த ஆண்டுகள் பின்னுரை அல்ல

1936க்குப் பின் அவர் 33 ஆண்டுகள் வாழ்ந்தார். பல குறிப்புகள் இந்தக் காலத்தை இரண்டு வாக்கியங்களில் முடித்துவிடுகின்றன. ஸ்பெயினின் ஆவணங்களை மட்டும் பார்ப்பதால் நேரும் குறை இது. உங்கள் தேடலை புவெனஸ் ஐரிஸ், சான்டியாகோ, மொண்டேவிடேயோ ஆகிய மூன்று நகரங்களுக்கும் கொண்டுசெல்லுங்கள்.

1945 மார்ச் 8 அன்று புவெனஸ் ஐரிஸின் அவெனிதா அரங்கில் 'பெர்னார்தா ஆல்பாவின் வீடு' உலகிலேயே முதன்முறையாக மேடையேறியது. லோர்கா அதை எழுதி முடித்தது 1936 ஜூனில். எழுதியவர் இல்லை, எழுதிய நாட்டில் அதை மேடையேற்ற வழியில்லை, ஒன்பது ஆண்டுகள் கழித்து ஒரு கடல் தாண்டிய நகரில், பெர்னார்தாவாக ஷிர்கு நின்றார். மகள்களை வீட்டுக்குள் பூட்டி, 'மௌனம்' என்று ஆணையிடும் தாய் அவள். அந்த இரவைப் பற்றி எவ்வளவு எழுதினாலும் தகும்.

1949இல் புவெனஸ் ஐரிஸில் அவர் மேடையேற்றிய ஆல்பேர் காம்யுவின் நாடகத்தை அர்ஜென்டினாவின் பெரோன் அரசு தடை செய்தது. அதே ஆண்டு உருகுவே அவரை ஏற்றுக்கொண்டது. மொண்டேவிடேயோவில் புதிதாகத் தொடங்கிய நகராட்சி நாடகப் பள்ளியின் பொறுப்பை ஏற்று 1957 வரை நடத்தினார். 1947இல் உருவாகியிருந்த தேசிய நாடகக் குழுவான கொமேதியா நசியோனாலுக்கும் இயக்குநராகப் பணியாற்றினார். எஸ்தெலா மெதினா, சினா சோரில்யா போன்ற, அந்நாட்டு மேடையைப் பல பதிற்றாண்டுகள் தாங்கிய நடிகைகள் அவரிடம் பயின்றோ அவர் இயக்கத்தில் நடித்தோ வளர்ந்தவர்கள். மாணவர்களின் நினைவுகள் நடிப்பு ஆசிரியரைப் பற்றி எழுதுவதற்கு மிக வளமான மூலம்; குரலை எப்படிப் பழக்கினார், ஒத்திகையில் எதற்குக் கோபப்பட்டார் என்பன விமர்சனங்களில் கிடைக்கமாட்டா. அந்தப் பள்ளி இன்று அவர் பெயரையே தாங்கி நிற்கிறது.

1963இல் புவெனஸ் ஐரிஸின் சான் மார்ட்டின் அரங்கில் அவர் 'யெர்மா'வை மீண்டும் எடுத்தார், இம்முறை இயக்குநராக. தலைமை வேடத்தில் மரியா கசாரெஸ். பிரெஞ்சு மேடையில் புகழ்பெற்ற இவர், 1936 ஜூலையில் போர் வெடித்தபோது ஸ்பெயினின் தலைமை அமைச்சராக இருந்த கசாரெஸ் கிரோகாவின் மகள். பதின்ம வயதில் நாட்டை விட்டு ஓடியவர். திரும்ப முடியாத இரண்டு பெண்கள், ஒருவர் கற்றுத்தர மற்றவர் ஏற்று நடிக்க, அதே நாடகத்தை வேறொரு கண்டத்தில் நடத்தியதைத் தனிப் பத்தியாகவே எழுதலாம்.

உயிரோடு அவர் ஸ்பெயினுக்குத் திரும்பவில்லை. 1988இல், பிறந்த நூறாம் ஆண்டில், அவருடைய எச்சங்கள் மொலின்ஸ் தெ ரெய்க்குக் கொண்டுவரப்பட்டன.

வெளியிடும் முன் சரிபார்க்க வேண்டியவை

முதல் அரங்கேற்றம் எது, மறு அரங்கேற்றம் எது என்பதை இன்னொரு முறை பாருங்கள். ஷிர்கு முதன்முதலாக மேடையேற்றிய லோர்கா நாடகங்கள் ஐந்து: 'மரியானா பினேடா', 'செருப்புத் தைப்பவரின் அற்புத மனைவி', 'யெர்மா', 'ரொசீட்டா', 'பெர்னார்தா ஆல்பாவின் வீடு'. 'இரத்தத் திருமணம்' இந்தப் பட்டியலில் சேராது. அதை 1933 மார்ச்சில் மாட்ரிட்டில் முதலில் மேடையேற்றியவர் ஹொசெஃபினா தியாஸ்; ஷிர்கு 1935இல் பார்சிலோனாவில் புதிதாக எடுத்தார், பின்னர் படத்திலும் நடித்தார். இந்தத் தவறு பல இடங்களில் உலவுவதால், உங்கள் கட்டுரையிலும் நுழைந்துவிடும்.

நாடகத் தலைப்புகளைத் தமிழில் தரும்போது ஒரே தலைப்பைக் கட்டுரை முழுவதும் பயன்படுத்துங்கள். அரங்கப் பெயர்களில், பின்னாளில் மாறியவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள்; அன்றைய ப்ரின்செசா அரங்கம்தான் இன்றைய மரியா கெரேரோ அரங்கம் என்பது தெரியாமல் இரண்டு அரங்கங்களாக எழுதுவது எளிதில் நேரும். படங்களைச் சேர்ப்பதானால், அவை எடுக்கப்பட்ட ஆண்டையும் எந்த வேடம் என்பதையும் படத்தின் கீழ் எழுதி, அவற்றை வைத்திருக்கும் காப்பகத்தின் அனுமதி நிலையையும் பார்த்துவிடுங்கள். நீங்கள் தயாரித்த அட்டவணையைத் தூக்கி எறிய வேண்டாம். அதைக் கட்டுரையின் இறுதியில் இணைப்பாகக் கொடுத்தால், இவரைப் பற்றித் தமிழில் அடுத்து எழுத வருபவர் முதல் ஆண்டிலிருந்து மறுபடி தொடங்க வேண்டியிருக்காது.